பிரிக்ஃபீல்ட்ஸ் முனியும் அமெரிக்கத் துரையின் சரித்திரமும்

அந்த அமெரிக்கத் துரையை நான் இன்னும் மன்னிக்கவில்லை. அவர் செத்துப் பல காலம் ஆகிவிட்டது, நானும் கிழவியாகிவிட்டேன். ஆனாலும் "எவ்வளவு நல்ல மனுஷன்" என்று யாராவது ஆரம்பித்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். நல்ல மனிதர்தான், நான் இல்லை என்று சொல்லவில்லை. குரலை உயர்த்த மாட்டார். சமையல்காரரிடம்கூட "தயவுசெய்து" போட்டுத்தான் பேசுவார். கெட்டவராக இருந்திருந்தால் வாய் வலிக்கத் திட்டிவிட்டு மறந்து தொலைத்திருப்பேன்.

அப்போது முப்பதுகள் தொடங்கியிருந்தன. ரப்பர் விலை விழுந்து, தோட்டங்களிலிருந்து ஜனங்களைக் கப்பலேற்றி ஊருக்கு அனுப்பிக்கொண்டிருந்தார்கள். வேலை கிடைப்பதே பெரிய விஷயம். எனக்கு அப்பா கிடையாது. அம்மா மிஷன் பெண்கள் பள்ளியின் விடுதியில் ஆயா. அந்த ஒரே காரணத்தால் எனக்கு இங்கிலீஷும் தட்டச்சும் வாய்த்தன. பள்ளியின் அமெரிக்க மிஸ்ஸி ஒருநாள் என்னைக் கூப்பிட்டு, தன் நாட்டுப் பெரியவர் ஒருவர் கிள்ளானில் மகள் வீட்டில் தங்கியிருக்கிறார், புத்தகம் எழுதுகிறார், தட்டச்சு செய்ய ஆள் தேடுகிறார் என்றார். மறுநாளே கோலாலம்பூரிலிருந்து கிள்ளானுக்கு ரயில் ஏறிவிட்டேன். "கல்யாணம் ஆகாத பொண்ணு, வெள்ளக்காரன் வீட்டுல என்ன வேல?" என்று பிரிக்ஃபீல்ட்ஸில் எங்கள் ரயில்வே லைன் வீடுகளில் வாய் கிழியப் பேசினார்கள். அம்மா ஒரு வார்த்தை பதில் சொல்லவில்லை. எனக்கு இரண்டு புதுச் சேலை மட்டும் வாங்கி வந்தாள்.

துரை சரித்திரம் எழுதுகிறவர். தன் தேசத்தில் தேர்தல்கள் எப்படி நடந்தன, கட்சிக்காரர்கள் எப்படி வாக்கை விலைக்கு வாங்கினார்கள் என்று தடித் தடியாக எழுதியிருந்தார். ஓர் ஏழை விவசாயியின் வாக்கைத் திருடிவிட்டார்கள் என்று சொல்லி எழுதவைக்கும்போது அவர் முகமே சிவந்துபோகும். எனக்கு அது பிடித்திருந்தது. இப்படியும் ஒரு வெள்ளைக்காரரா என்று வீட்டில் வந்து அம்மாவிடம் அளந்திருக்கிறேன்.

இன்னொரு புத்தகம், அவர் பிறந்த வட்டாரத்தின் சரித்திரம். அதைத் திருத்தி மறுபடி அச்சிடப்போகிறார், நான்தான் முழுதும் தட்டினேன். அந்தப் பட்டிக்காட்டில் யார் முதல் வேலி போட்டது, யார் முதல் மாவு ஆலை வைத்தது, அந்த ஆலையை இழுத்த குதிரையின் பெயர் என்ன என்பது வரை இருக்கும். குதிரைக்குப் பெயர்! அங்கே ஒரு மாதா கோயில். முதலில் மரக்கட்டைகளை அடுக்கிக் கட்டியிருந்தார்கள், அது எரிந்துபோனது. பிறகு பலகையில் கட்டினார்கள், அதைப் புயல் தூக்கிக்கொண்டு போனது. மூன்றாவதாகச் செங்கல்லில் கட்டியதுதான் இப்போது நிற்கிறது. துரை எழுதுகிறார்: கட்டடங்கள்தான் மூன்று, கோயில் ஒன்றே, அது எங்கள் ஊரின் முதல் ஆண்டிலிருந்து இருக்கிறது என்று. முதல் கோயிலைப் பார்த்தவர் யார்? அவருடைய அத்தை ஒருத்தி. சிறு பெண்ணாக அங்கே ஜெபித்ததை அவள் சாகும்முன் இவரிடம் சொன்னாளாம். கோயிலின் பழைய ஏடெல்லாம் முதல் தீயிலேயே எரிந்துவிட்டதாம். படிக்கும்போது எனக்கே கண் கலங்கியது, பொய் சொல்வானேன்.

அந்த வேலை முடிந்ததும் துரைக்குக் கை சும்மா இருக்கவில்லை. கிள்ளானிலிருந்து கோலாலம்பூர் வரை இந்த வட்டாரத்தின் சரித்திரத்தை எழுதிவிடுவது என்று கிளம்பினார்.

இனி எங்கள் முனியைப் பற்றிச் சொல்ல வேண்டும். பிரிக்ஃபீல்ட்ஸில் ரயில் பாதையை ஒட்டி ஒரு பெரிய மழைமரம், அதன் கீழே முனீஸ்வரன். நான் அம்மா வயிற்றில் இருந்தபோது, அப்பா ரயில் பாதையில் தண்டவாளக் கட்டை மாற்றும் கூட்டத்தில் வேலை பார்த்தார். பக்கப் பாதை போடும்போது ஜல்லி ஏற்றிய வண்டி ஒன்று கவிழ்ந்தது. அப்பாவும் கூட இருந்த சிலரும் அடியில் போய்விட்டார்கள். அவர்களைப் புதைத்த இடத்தின் மேல் பிறகு நிலக்கரிக் கொட்டகை வந்துவிட்டது. மிஞ்சிய ஆட்கள், அந்த வண்டியில் வந்த பெரிய கல் ஒன்றைத் தூக்கிக்கொண்டு போய் மரத்தடியில் நட்டு, மஞ்சள் பூசி, முனியாக வைத்தார்கள். பட்டறையில் யாரோ இரும்பில் ஒரு சூலம் அடித்துக் கொடுத்தார்கள். வெள்ளிக்கிழமைதோறும் அம்மா அங்கே விளக்கு வைப்பாள். "உங்கப்பாவுக்கு வேற எடம் ஏது?" என்பாள். அவ்வளவுதான் அவள் கேட்டது இந்த ஊரில்.

பெருவெள்ளம் வந்த ஆண்டில் மரத்தின் கிளை முறிந்து விழுந்து கல் இரண்டாகப் பிளந்தது. பின்னமான சாமியை வைத்துக் கும்பிடுவது ஆகாது. நம் ஜனங்கள் என்ன செய்வார்கள்? முறைப்படி பூசை போட்டு, கல்லையும் துருப்பிடித்த சூலத்தையும் மேளதாளத்தோடு எடுத்துப்போய்க் கிள்ளான் ஆற்றில் விட்டார்கள். மளிகைக்கடை மாமா ஒருவர் முன்னால் வந்தார், கோயில் தலைவரும் அவர்தான். சிமெண்டில் மண்டபம், ஊரிலிருந்து வரவழைத்த முனி, பித்தளைச் சூலம் எல்லாம் அவர் ஏற்பாடு. வாசலில் ஒரு பளிங்குக் கல்லும் பதித்தார். இக்கோயிலைக் கட்டியவர் இன்னார், இன்ன ஆண்டு என்று அதில் கொட்டை எழுத்தில் அவர் பெயர். அம்மாவுக்கு அந்தப் பளிங்குக் கல் பிடிக்கவில்லை, ஆனால் சாமி காரியம் என்று வாயை மூடிக்கொண்டாள்.

அப்புறம்தான் ஒரு வெள்ளைக்காரக் கம்பெனி, மரத்தடியைச் சேர்த்துத் தங்கள் இடம் என்று வந்து நின்றது. நான் கைக்குழந்தையாக இருந்தபோதே அவர்களுக்குக் கொடுத்த நிலமாம், இப்போது கிடங்கு கட்டப்போகிறார்களாம். நில அதிகாரியிடம் விவகாரம் போனது. கம்பெனிக்கு நிலம் தருவதற்கு முன்பே கோயில் இருந்தது என்றால் விட்டுவிடலாம், பிற்பாடு வந்தது என்றால் இடித்துவிட வேண்டியதுதான் என்றார் அதிகாரி. எது முன், எது பின் என்று சொல்ல ஆள் வேண்டுமே. வாரம் ஒருமுறை அவரோடு உட்கார்ந்து தேநீர் குடிக்கிற சரித்திரக்காரர் இருக்கிறாரே, அவரைக் கேட்டார். எனக்கு அப்போது சந்தோஷம்தான். நம் துரைதானே, கோயில் ஒன்றே என்று எழுதிய கை ஆயிற்றே என்று நம்பினேன்.

துரை பார்க்க வந்த அன்று மொழிபெயர்க்க என்னையும் அழைத்து வந்திருந்தார். என்னை யார் வாயைத் திறக்கவிட்டார்கள்? மளிகைக்கடை மாமா ஜிப்பா, அங்கவஸ்திரத்தோடு ஓடிவந்து, எலுமிச்சம்பழம் கையில் கொடுத்து, துரைக்கும் புரிகிற பாசார் மலாயில், அதாவது கடைத்தெரு மலாயில், பொழிந்து தள்ளிவிட்டார்.

"செமுவா பாரு, துவான்! செமுவா பாரு!"

எல்லாம் புதுசு, எல்லாம் புதுசு என்று தூணைத் தட்டித் தட்டிக் காட்டினார். பழைய சாமான் ஒன்றுகூட இல்லை, எல்லாவற்றையும் ஆற்றில் விட்டாயிற்று என்றார். துரை தலையாட்டிக்கொண்டே பளிங்குக் கல்லைப் பார்த்தார். நான் மாமாவின் அங்கவஸ்திரத்தைப் பிடித்து இழுத்தேன்.

"மாமா, எவ்வளவு பழசுன்னுதான் அவரு பாக்க வந்திருக்காரு. நீங்க என்ன புதுசு புதுசுங்குறீங்க?"

"நீ சும்மா இரு பாப்பா. தொர கிட்டப் போயி, எங்க சாமி மரத்தடியில வெறுங் கல்லா இருந்துச்சின்னா சொல்லச் சொல்ற? மானம் போயிரும் லா."

இதை வேறு எந்த ஜனமும் செய்யாது. பழசைப் பழசு என்று காட்டினால் தரித்திரம் என்று நினைத்துவிடுவார்கள் என்று பயந்து, இருந்த ஒரே சாட்சியத்தையும் மாலை போட்டு ஆற்றில் விட்டுவிட்டு, வந்தவனிடம் புதுசு என்று பெருமையும் அடித்துக்கொள்வோம். மாமாவை அந்த இடத்திலேயே நாலு அறை அறைந்தால் என்ன என்று இருந்தது.

மறுவாரம் துரை சொல்லச் சொல்ல நான் தட்டிக்கொண்டிருந்தேன். பாதையோரத்துச் சிறு இந்துக் கோயில் மிகச் சமீபத்தியது, கடைக்காரர் ஒருவர் கட்டியது என்றார். என் விரல் நின்றுவிட்டது.

"ஏன் நிறுத்திவிட்டாய்?"

"இது பொய், சார்."

அவரிடம் யாரும் அப்படிப் பேசியிருக்க மாட்டார்கள். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பளிங்குக் கல்லில் ஆண்டே இருக்கிறதே, கோயில் தலைவரே சொன்னாரே என்றார். நான் எழுந்து, அவருடைய வட்டாரச் சரித்திரத்தின் கட்டிலிருந்து மாதா கோயில் பக்கத்தை உருவி அவர் முன்னால் வைத்தேன்.

"மூன்று முறை கட்டியும் உங்கள் கோயில் ஒன்று. இரண்டாம் முறை கட்டினால் எங்கள் கோயில் புதுசா? உங்கள் கோயிலின் ஏடுகூட எரிந்துபோனது என்று நீங்களேதான் எழுதியிருக்கிறீர்கள். அத்தை சொன்னதை நம்பித்தானே எழுதினீர்கள்?"

அவர் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் தேவலை. அந்தப் பக்கத்தை எடுத்து மறுபடி படித்தார். பிறகு, முதன்முதலில் கல்லை நட்டதைப் பார்த்தவர் யாராவது இங்கே உயிரோடு இருக்கிறார்களா என்று கேட்டார். நட்ட ஆட்கள் செத்தோ ஊர் திரும்பியோ போய்விட்டார்கள், என் அம்மா ஒருத்திதான் இருக்கிறாள் என்றேன். அழைத்து வா என்றார்.

அம்மா அன்று பெட்டியின் அடியிலிருந்து நல்ல சேலையை எடுத்துக் கட்டிக்கொண்டாள். ரயிலில் ஜன்னல் ஓரம் உட்கார்ந்து, பிரிக்ஃபீல்ட்ஸ் தாண்டும்வரை பாதையையே பார்த்துக்கொண்டு வந்தாள். "புஸ்தகத்துல உங்கப்பா பேரு வருமாடி?" என்று ஒரு தரம் கேட்டாள். வரும் என்றேன்.

துரை அவளுக்கு நாற்காலி போட்டார். அவள் உட்காரவில்லை, நின்றுகொண்டே சொன்னாள். வண்டி கவிழ்ந்தது, கல்லைத் தூக்கிவந்தது, சூலம் அடித்தது, கள்ளும் சுருட்டும் படைத்தது, எல்லாம் ஒன்றன்பின் ஒன்றாகச் சொன்னாள். அழவில்லை. எந்தக் காலம் என்று துரை கேட்டதற்கு, "இவ வயித்துல இருந்தா, தைப்பூசத்துக்கு முன்னாடி" என்றாள். நான் மொழிபெயர்த்துச் சொல்லிவிட்டு, என் வயதுதான் சார் அந்தக் கோயிலின் வயது, நானே சாட்சி என்றேன். துரை சிரித்தார். அது நீ பிறந்ததற்குத்தானே சாட்சி என்றார்.

பிறகு பேனாவை எடுத்துக்கொண்டு அம்மாவைப் பார்த்து, "உங்கள் கணவர் பெயர் என்ன?" என்று கேட்டார்.

அம்மா என்னைப் பார்த்தாள். துரைக்குப் புரியவில்லை. காதில் விழவில்லையோ என்று மறுபடி கேட்டார். அம்மா தலையைக் குனிந்துகொண்டு சேலைத் தலைப்பைத் திருகினாள். புருஷன் பெயரை வாயால் சொன்னவளா அவள்? கோயிலில் அர்ச்சனைக்குக்கூட என்னைத்தான் சொல்லச் சொல்வாள். நான் பெயரைச் சொன்னேன், ஏன் அவள் சொல்லவில்லை என்பதையும் விளக்கினேன். "சுவாரசியமான வழக்கம்" என்றார். அவர் பேனா ஓடியது. அப்பா பெயரை எழுதுகிறார் என்று அம்மாவும் நானும் நினைத்தோம்.

அம்மா வெளியே சமையல்காரர் கொடுத்த காபியைக் குடித்துக்கொண்டிருந்தபோது துரை என்னிடம் மெதுவாகச் சொன்னார். வேறு ஆள் யாருமில்லை. இருக்கிற ஒரே சாட்சியும் சம்பந்தப்பட்டவர். கணவர் பெயரைச் சொல்லவே தயங்குகிறார். இதைச் சரித்திரம் என்று என்னால் எழுத முடியாது.

"உங்கள் அத்தையும் ஒரே ஆள்தான் சார். அவரும் சம்பந்தப்பட்டவர்தான்."

"என் அத்தையை எனக்குத் தெரியும், பெண்ணே."

இதுதான் அவர் சொன்ன காரணம். இத்தனை படித்தவர், இத்தனை புத்தகம் எழுதியவர், கடைசியில் இதைத்தான் சொன்னார். இருந்தாலும் உனக்காக ஒரு வரி சேர்க்கிறேன் என்று, பெரிய சலுகை செய்கிறவராக, தட்டச் சொன்னார். கர்ண பரம்பரைக் கதைப்படி, விபத்தில் இறந்த கூலிகளின் நினைவாக இவ்விடத்தில் முன்பு ஒரு கல் இருந்ததாம்.

கர்ண பரம்பரைக் கதை! அந்த வார்த்தையை நான் முன்பே தட்டியிருந்தேன். அவருடைய வட்டாரச் சரித்திரத்தின் முதல் பக்கத்தில், வேலி போட்டவனுக்கும் ஆலை வைத்தவனுக்கும் முன்னால் அங்கே வாழ்ந்த செவ்விந்தியர்களுக்கு ஒரே ஒரு பத்தி. அதுவும் இப்படித்தான் ஆரம்பிக்கும், கர்ண பரம்பரைக் கதைப்படி என்று. குதிரைக்குப் பெயர் இருந்த புத்தகத்தில் அவர்களில் ஒருவருக்கும் பெயர் இல்லை. அதே கூடையில்தான் என் அப்பாவையும் தூக்கிப் போடுகிறார் என்று அப்போது விளங்கியது.

"நான் தட்டமாட்டேன், சார்."

மெஷினுக்கு உறையைப் போட்டு மூடினேன். அவர் வருத்தத்தோடு என்னைப் பார்த்தார். நான் வாசலுக்கு வரும்போது, அந்த உறையைக் கழற்றிவிட்டு அவரே தட்டும் சத்தம் கேட்டது. அம்மாவின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்கு நடந்தேன். ஏண்டி காபியைக் குடிக்கவிட மாட்டேங்கிற என்றாள். வேலை போய்விட்டது என்பதை வழியில் சொல்லவில்லை.

நில அதிகாரியின் விசாரணைக்கு நாங்கள் எல்லாரும் போனோம். துரை எழுதிய பக்கம் அவர் மேஜையில் இருந்தது. மளிகைக்கடை மாமா அன்றைக்குத் தலைகீழாகப் பேசினார். "ரொம்பப் பழைய கோயில் தொர, ரொம்ப ரொம்பப் பழசு!" அதிகாரி பளிங்குக் கல்லில் எழுதியிருந்ததை மட்டும் ஒருமுறை வாசித்துக் காட்டினார். மாமா அப்படியே உட்கார்ந்துவிட்டார். நான் எழுந்து, இந்த அம்மாவைக் கேளுங்கள் என்று கத்தினேன். கதையெல்லாம் தீர விசாரித்துத்தான் எழுதியிருக்கிறார்கள், உட்காரம்மா என்றார்கள். நான் உட்காரவில்லை. பியூன் வந்து வெளியே போகச் சொன்னான்.

பட்டப்பகலில்தான் இடித்தார்கள். கம்பெனி அனுப்பிய ஆட்களும் நம் ஆட்கள்தான். தேங்காய் உடைத்து, சூடம் கொளுத்தி, "சாமி, வயித்துப் பொழப்பு, மன்னிச்சிரு" என்று கும்பிட்டுவிட்டுச் சம்மட்டியை எடுத்தார்கள். மாமா தன் பெயர் பொறித்த பளிங்குக் கல்லை மட்டும் உடையாமல் பெயர்த்து, சாக்கில் சுற்றி லோரியில் ஏற்றிக்கொண்டு போனார். சாமியைக் கொண்டுபோய் வேறொரு கோயிலின் பின்கட்டில் வைத்தார்கள். அம்மா மட்டும் பழைய இடத்துக்கே போனாள். வெள்ளிக்கிழமை கம்பெனி வேலிக்கு வெளியே நின்று, காற்றில் அணைகிற விளக்கைக் கையால் மறைத்துக்கொண்டு கும்பிட்டுவிட்டு வருவாள். காவலாளி விரட்டினால் ரோட்டின் அந்தப் பக்கம் போய் நிற்பாள்.

நான் ஒரு வக்கீல் ஆபீஸில் தட்டச்சுக்குச் சேர்ந்த பிறகு, ஒருநாள் தபாலில் புத்தகம் வந்தது. துரை அனுப்பியிருந்தார். முதல் பக்கத்தில் தன் கையால் அன்பான வார்த்தைகள் எழுதி, என் உதவிக்கு நன்றி சொல்லியிருந்தார். எனக்கு நன்றி! அந்தப் பக்கத்தை அங்கேயே கிழித்தேன்.

அம்மா அடுப்படியில் இருந்தாள். புத்தகத்தைப் பார்த்ததும் கையைத் துடைத்துக்கொண்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"தொர எழுதுனதா? உங்கப்பாவ எங்க போட்டிருக்காரு?"

தேடினேன். அந்தக் கர்ண பரம்பரை வரி இருந்தது. அதன் கீழே சின்ன எழுத்தில் ஒரு குறிப்பு. தமிழ்ப் பெண்கள் கணவன் பெயரை உச்சரிக்க மாட்டார்கள், இது ஒரு சுவாரசியமான வழக்கம் என்று. அன்று அவர் பேனா ஓடியது இதற்குத்தான். அப்பாவின் பெயர் எங்கேயும் இல்லை.

"என்னடி எழுதியிருக்கு? படி."

பொய் சொல்லியிருக்கலாம். எனக்கு இருந்த ஆத்திரத்தில் மறைக்கத் தோன்றவில்லை. உள்ளதை உள்ளபடி சொன்னேன்.

"அப்பா பேரு இல்லம்மா. நீ சொன்னதெல்லாம் கதைன்னு எழுதியிருக்காரு. நீ பேரச் சொல்லலன்னு எழுதியிருக்காரு."

அம்மா புத்தகத்தை என் கையிலிருந்து வாங்கி மூடினாள். பிறகு எழுந்தாள்.

"கதையா? அப்ப நான் யாருக்குடி தாலி அறுத்தேன்?"

அம்மா வாசலுக்குப் போய் நின்றாள். எதிரே ரயில் பாதை, அதற்கு அப்பால் கம்பெனியின் கிடங்கு. என் அம்மா, அர்ச்சனைத் தட்டின் முன்னால்கூட வாய் திறக்காதவள், அப்பாவின் பெயரை, அவருடைய அப்பன் பெயரோடும் ஊர்ப் பெயரோடும் சேர்த்து முழுசாகச் சொன்னாள். லைனில் இருந்தவர்கள் கதவைத் திறந்து எட்டிப்பார்த்தார்கள். அவர்களுக்கும் கேட்கும்படி, இன்னும் சத்தமாக, மறுபடியும் சொன்னாள்.